சட்டம் கேளுங்கள்: மேல்முறையீட்டுத் தீர்ப்பில் காரணம் எங்கே?

குற்றவியல் மேல்முறையீடுகள் குறித்து வந்த கடிதங்களில் பெரும்பாலானவை தீர்ப்பில் காரணம் எழுதப்படவில்லை என்ற ஒரே குறையைச் சுற்றியே அமைந்திருப்பதால், இந்த இதழின் பகுதி முழுவதும் அதற்கே ஒதுக்கப்படுகிறது. நடப்பு வழக்குகளைப் பற்றிய கடிதங்களிலிருந்து ஊர், பெயர், வழக்கு எண் ஆகியவை நீக்கப்பட்டுள்ளன. பிரிவு எண்களில் முதலில் வருவது 1973ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் எண். அடுத்து வருவது 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்துள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் எண். எண்கள் மாறினவே தவிர, நாம் பேசப்போகும் விதிகளின் சாரம் மாறவில்லை.

கேள்வி: கொடுங்காயம் விளைவித்த வழக்கில் என் தம்பிக்கு நடுவர் நீதிமன்றம் இரண்டாண்டுச் சிறைத் தண்டனை விதித்தது. அமர்வு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தோம். வழக்கறிஞர் ஒரு மணி நேரத்துக்கும் மேலாக வாதாடினார். வந்த தீர்ப்பில் வழக்கின் கதை மூன்று பக்கம், முடிவுப் பத்தியில், "கீழமை நீதிமன்றம் சாட்சியங்களைச் சரியான கோணத்தில் ஆராய்ந்துள்ளது, அதில் தலையிடப் போதிய முகாந்திரம் இல்லை" என்று மட்டும் இருக்கிறது. இது தீர்ப்புதானா?

பதில்: வடிவத்தில் தீர்ப்பு; சட்டம் எதிர்பார்க்கும் பொருளில் அதைத் தீர்ப்பு என்று சொல்வது கடினம். ஒரு குற்றவியல் தீர்ப்பில் தீர்மானிக்க வேண்டிய பிரச்சினைகள், அவற்றின் மீதான முடிவு, அந்த முடிவுக்கான காரணங்கள் ஆகிய மூன்றும் இருக்க வேண்டும் என்று பிரிவு 354 (393) கூறுகிறது. அமர்வு நீதிமன்றமும் தலைமைக் குற்றவியல் நடுவரும் மேல்முறையீட்டில் வழங்கும் தீர்ப்புகளுக்கும் இந்த விதிகள் இயன்றவரை பொருந்தும் என்று பிரிவு 387 (428) சொல்கிறது. இதில் "இயன்றவரை" என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டு சிலர் தப்பிக்கப் பார்ப்பதுண்டு. ஆனால் சாட்சியம் முழுவதும் மேசைமீது இருக்க, இரு தரப்பு வாதத்தையும் கேட்டு முடித்த நீதிமன்றத்துக்குக் காரணம் எழுதுவது எந்த வகையில் இயலாததாகும் என்பதை அவர்கள் விளக்குவதில்லை.

நீங்கள் அனுப்பிய நகலைப் படித்தேன். உங்கள் தரப்பு எழுப்பிய கேள்விகளில் இரண்டு முக்கியமானவை. இரவு எட்டு மணிக்கு நடந்த சம்பவத்தைத் தெருவிளக்கு வெளிச்சத்தில் பார்த்ததாக அ.சா.2 (அரசுத் தரப்பின் இரண்டாம் சாட்சி) சொல்கிறார், புலன் விசாரணை அதிகாரி தயாரித்த பார்வை மகஜரிலும் (சம்பவ இடத்தைப் பார்த்து எழுதிய குறிப்பு) மாதிரி வரைபடத்திலும் தெருவிளக்கே காட்டப்படவில்லை. அடுத்து, அரசு மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டில் "அடையாளம் தெரியாத இரண்டு பேர் தாக்கியதாக" எழுதப்பட்டிருக்கிறது; ஆனால் காயம்பட்டவருக்கு உங்கள் தம்பியைப் பல ஆண்டுகளாகத் தெரியும்.

இந்த இரண்டுக்கும் பதில் இருக்க முடியாது என்று நான் சொல்லவில்லை. காயம்பட்டவர் மயக்கத்தில் இருந்ததால் உடன் வந்த, யாரையும் அறியாத ஒருவர் மருத்துவரிடம் அப்படிச் சொல்லியிருக்கலாம். விளக்கு உண்மையில் அங்கே இருந்தும் அதிகாரி அதைக் குறிக்க விட்டிருக்கலாம், அப்படியானால் அ.சா.2 தவிர வேறு யாரேனும் விளக்கைப் பற்றிச் சொல்லியிருக்கிறார்களா என்று பார்க்க வேண்டும். இப்படி எழுதி உங்கள் தம்பியின் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்திருந்தால், அந்த முடிவை நீங்கள் ஏற்காமல் இருக்கலாம். ஆனால் நீதிமன்றம் உங்கள் வாதத்தைக் கேட்டது என்பதையாவது மறுக்க முடியாது. இப்போது கையில் இருக்கும் தீர்ப்பில் மருத்துவமனைப் பதிவேட்டைப் பற்றி ஒரு சொல்கூட இல்லை. கேட்டுத் தள்ளினார்களா, கேட்காமலே விட்டார்களா என்பது அதைப் படிப்பவருக்குத் தெரியாது. நாளை சீராய்வில், அதாவது இந்தத் தீர்ப்பு சட்டப்படி சரியா என்று பார்க்கும்போது, உயர் நீதிமன்றத்துக்கும் தெரியாது.

மேல்முறையீட்டு நீதிமன்றம் சாட்சியங்களைத் தானே பார்த்துச் சுதந்திரமான ஒரு முடிவுக்கு வர வேண்டும் என்று பதம் சிங் வழக்கில் (2000) உச்ச நீதிமன்றம் சொன்னது. நடுவரின் தீர்ப்பு சரியாகத் தோன்றுகிறதா என்று பார்ப்பது ஒரு வேலை. அந்தச் சாட்சியத்தை நம்பலாமா என்று தானே பார்ப்பது வேறு வேலை. சட்டம் கேட்பது இரண்டாவதை. பிரிவு 386 (427) வழக்குப் பதிவேடுகளைப் படித்த பிறகே மேல்முறையீட்டை முடிக்கச் சொல்வதும் இதனால்தான்.

கேள்வி: கீழ் நீதிமன்றம் விரிவாக எழுதிவிட்டது, மேல் நீதிமன்றம் அதை அப்படியே ஏற்கிறது. சொன்னதையே ஏன் திரும்பச் சொல்ல வேண்டும்? நீதிமன்றங்களின் சுமையையும் பார்க்க வேண்டாமா?

பதில்: நியாயமான கேள்வி, இதற்கு ஆதரவாக ஒரு தீர்ப்பும் உண்டு. கீழ் நீதிமன்றத்தோடு உடன்படும் மேல்முறையீட்டு நீதிமன்றம் சாட்சியங்களின் விளைவை மீண்டும் எடுத்துரைக்கவோ அதே காரணங்களைத் திரும்ப எழுதவோ தேவையில்லை, பொதுவான உடன்பாட்டைத் தெரிவித்தாலே போதும் என்று கிரிஜாநந்தினி தேவி வழக்கில் (1967) உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் அது சொத்து தொடர்பான உரிமையியல் வழக்கு. மேலும், பொதுவாக உடன்படுகிறேன் என்று எழுதுவது தன் கடமையைத் தட்டிக்கழிக்கும் உபாயமாகிவிடக் கூடாது என்று சந்தோஷ் ஹசாரி வழக்கில் (2001) அதே நீதிமன்றம் எச்சரித்தது. அதுவும் உரிமையியல் வழக்கே. நிலத் தகராறிலேயே இவ்வளவு கண்டிப்பு என்றால், ஒருவரைச் சிறைக்கு அனுப்பும் வழக்கில் அதைவிடக் குறைவான கண்டிப்பு எப்படிப் போதுமானதாகும்?

குற்றவியல் வழக்குகளில் இதற்கு நேரடியான விடை மஜ்ஜல் வழக்கில் (2013) இருக்கிறது. கொலைக் குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்டவரின் மேல்முறையீட்டை உயர் நீதிமன்றம் மிகச் சுருக்கமாகத் தள்ளுபடி செய்திருந்தது. விசாரணை நீதிமன்றத்தோடு ஒத்துப்போகும் முடிவுக்கும் காரணங்களின் துணை வேண்டும் என்று கூறி, உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நீக்கி, வழக்கைத் திருப்பி அனுப்பியது. அதே ஆண்டில் வந்த கம்லேஷ் பிரபுதாஸ் தன்னா வழக்கிலும் இதே நிலைப்பாடுதான். அங்கும் வழக்கு குஜராத் உயர் நீதிமன்றத்துக்கே திரும்பியது.

சுமையைப் பற்றி: அது உண்மை, அதை நான் இலேசாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் காரணம் எழுதாமல் மிச்சமாகும் நேரம் உண்மையில் மிச்சமாவதில்லை. அந்தத் தீர்ப்பு மேலே போய், நீக்கப்பட்டு, அதே நீதிமன்றத்துக்குத் திரும்பி வந்து, வேறொரு நீதிபதி முன்பு அதே வாதங்கள் முதலிலிருந்து வைக்கப்படுகின்றன. திரும்பச் சொல்ல வேண்டியதில்லை என்பதில் உங்களோடு உடன்படுகிறேன். சாட்சிகள் சொன்னதையெல்லாம் பக்கம் பக்கமாகத் திரும்ப எழுத யாரும் கேட்கவில்லை. மேல்முறையீட்டில் எழுப்பப்பட்ட வாதங்களுக்குத் தன் காரணத்தோடு பதில் எழுதினால் போதும். பல தீர்ப்புகளில் நடப்பது இதற்கு நேர்மாறாக இருக்கிறது: கேட்காத கதை நீளமாக வருகிறது, கேட்ட கேள்விக்குப் பதில் வருவதில்லை.

கேள்வி: அப்படியானால் நீளமான தீர்ப்பு நல்ல தீர்ப்பு என்று கொள்ளலாமா?

பதில்: கொள்ளக் கூடாது. சகுந்தலா சுக்லா வழக்கில் (2021) உச்ச நீதிமன்றம் தீர்ப்பெழுதும் முறையைப் பற்றியே தனியாகப் பேசி, வழக்கின் விவரம், இரு தரப்பு வாதம், நீதிமன்றத்தின் ஆய்வு, முடிவு ஆகியவை ஒன்றோடொன்று கலந்து குழம்பாமல் தெளிவாக இருக்க வேண்டும் என்று வலியுறுத்தியது. முன்தீர்ப்புகளிலிருந்து பத்துப் பக்கம் எடுத்து ஒட்டிவிட்டு, அவை இந்த வழக்கின் சாட்சியத்துக்கு எப்படிப் பொருந்துகின்றன என்று ஒரு வரி எழுதாத தீர்ப்பும் காரணமற்ற தீர்ப்பே. எதிர்வாதம் ஒன்றே ஒன்று மட்டும் உள்ள எளிய வழக்கில் இரண்டு பக்கத் தீர்ப்பு முழுமையானதாக இருக்கலாம்.

கேள்வி: சிறையிலிருந்து அனுப்பிய மேல்முறையீட்டு மனு, எதிர்த் தரப்புக்கு அறிவிப்புகூட அனுப்பாமல் ஆரம்பத்திலேயே தள்ளுபடியானது. இதற்குச் சட்டத்தில் இடமுண்டா?

பதில்: உண்டு, ஆனால் வரம்போடு. போதிய முகாந்திரம் இல்லை என்று கண்டால் மேல்முறையீட்டை ஆரம்ப நிலையிலேயே தள்ளுபடி செய்யப் பிரிவு 384 (425) அதிகாரம் தருகிறது. வழக்கறிஞர் வழியாகத் தாக்கலான மேல்முறையீடு என்றால் அவருக்கோ மேல்முறையீட்டாளருக்கோ நியாயமான வாய்ப்பளித்துக் கேட்காமல் தள்ளக் கூடாது. சிறையிலிருந்து வந்த மனுவுக்கும் இதே விதிதான். ஆனால் அந்த மனு அற்பமானது என்று நீதிமன்றம் கருதினாலோ, கைதியை நேரில் கொண்டுவருவது வழக்கின் தன்மைக்குப் பொருந்தாத அளவு சிரமம் தரும் என்று கருதினாலோ விதிவிலக்கு உண்டு.

இதில் கவனிக்க வேண்டிய ஒரு நுட்பம் இருக்கிறது. இப்படி ஆரம்பத்திலேயே தள்ளும்போது காரணங்களைப் பதிவு செய்ய வேண்டும் என்று சட்டம் வெளிப்படையாகச் சொல்வது அமர்வு நீதிமன்றத்துக்கும் தலைமைக் குற்றவியல் நடுவருக்கும் மட்டுமே. உயர் நீதிமன்றத்தைப் பற்றி அந்த உட்பிரிவு மௌனமாக இருக்கிறது. அந்த மௌனத்தை விதிவிலக்காகக் கொள்ள முடியாது என்பதை உச்ச நீதிமன்றம் முஷ்டாக் உசேன் வழக்கிலேயே (1953) சொல்லிவிட்டது: வாதத்துக்குரிய பிரச்சினைகள் எழும் மேல்முறையீட்டைக் காரணம் ஏதும் சொல்லாமல் ஒரு சொல்லில் உயர் நீதிமன்றம் தள்ளியது சரியல்ல என்று அங்கே முடிவானது. கைதிக்கு வழக்கறிஞர் இல்லாவிட்டால், சிறை அலுவலகம் வழியாகவே சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு விண்ணப்பித்து இலவச வழக்கறிஞரைப் பெறலாம்.

கேள்வி: எங்கள் வழக்கறிஞர் அன்று வரவில்லை என்பதற்காக மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்துவிட்டார்கள்.

பதில்: செய்திருக்கக் கூடாது. உரிமையியல் மேல்முறையீட்டைப் போல, வராததற்காகக் குற்றவியல் மேல்முறையீட்டைத் தள்ள முடியாது என்று பானி சிங் வழக்கில் (1996) மூன்று நீதிபதிகள் அமர்வு தீர்மானித்தது. நீதிமன்றம் வழக்கை ஒத்திவைக்கலாம். அரசுச் செலவில் வேறொரு வழக்கறிஞரை அமர்த்தலாம். அல்லது பதிவேடுகளைத் தானே படித்து, கீழ் நீதிமன்றத்தின் தீர்ப்பையும் பார்த்து, வழக்கின் தகுதியின் பேரில் தீர்ப்பளிக்கலாம். எதைச் செய்தாலும் முடிவில் காரணம் இருந்தாக வேண்டும். கே.எஸ்.பாண்டுரங்கா வழக்கும் (2013) இதையே உறுதி செய்கிறது.

கேள்வி: எங்கள் வழக்கில் நிலைமை வேறு. என் மகளைத் தாக்கியவரை விசாரணை நீதிமன்றம் விடுதலை செய்தது. அரசு மேல்முறையீடு செய்ய அனுமதி கேட்டதை உயர் நீதிமன்றம் ஒரே வரியில் மறுத்துவிட்டது. காரணம் கேட்கும் உரிமை குற்றவாளிக்கு மட்டும்தானா?

பதில்: இல்லை, இரு தரப்புக்கும் உண்டு. ஒடிசா அரசு எதிர் தனிராம் லுகார் வழக்கில் (2004) நடந்தது ஏறத்தாழ நீங்கள் சொல்வதுதான். விடுதலைக்கு எதிராக மேல்முறையீடு செய்ய அரசு கேட்ட அனுமதியை உயர் நீதிமன்றம் காரணம் சொல்லாமல் மறுத்தது. காரணமே எந்த முடிவுக்கும் உயிர்த்துடிப்பு, அது இல்லாத முடிவு உயிரற்றது என்று கூறி உச்ச நீதிமன்றம் தலையிட்டது. உங்களுக்கு இன்னொரு வழியும் இருக்கிறது. பாதிக்கப்பட்டவரே விடுதலையை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் உரிமை 2009 டிசம்பர் 31 முதல் பிரிவு 372இன் (413) காப்பு வாசகத்தின்கீழ் (பிரிவோடு சேர்க்கப்பட்ட நிபந்தனை வாசகம்) உள்ளது. அதற்கு முன் அனுமதி பெறத் தேவையில்லை என்று மல்லிகார்ஜுன் கோடகலி வழக்கில் (2018) பெரும்பான்மைத் தீர்ப்பு கூறியது.

அதே சமயம், விடுதலையை மாற்றித் தண்டிக்கும் மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் பொறுப்பு இன்னும் கனமானது. சாட்சியம் முழுவதையும் மறுஆய்வு செய்ய அதற்கு முழு அதிகாரம் உண்டு என்பது 1934இல் பிரிவி கவுன்சில் (ஆங்கிலேயர் ஆட்சியில் இந்திய வழக்குகளுக்கு இறுதி மேல்முறையீட்டு அமைப்பு) ஷியோ ஸ்வரூப் வழக்கில் சொன்னதிலிருந்து இன்றுவரை நிலைத்திருக்கும் சட்டம். ஆனால் குற்றமற்றவர் என்ற அனுமானம் விடுதலையால் மேலும் வலுப்பெறுகிறது. இரண்டு முடிவுகளுக்கு இடமுள்ள சாட்சியத்தில் விசாரணை நீதிமன்றம் ஒன்றைத் தேர்ந்திருந்தால், மற்றதே தனக்குச் சரியாகப் படுகிறது என்பதற்காக மட்டும் அதைக் கலைக்கக் கூடாது என்று சந்திரப்பா வழக்கு (2007) தொகுத்துச் சொல்கிறது. ஆகவே விடுதலையை மாற்றும் நீதிமன்றம் தன் காரணத்தைச் சொன்னால் மட்டும் போதாது. விசாரணை நீதிமன்றம் சொன்ன காரணம் ஏன் நிற்காது என்பதையும் சொல்ல வேண்டும்.

கேள்வி: "மேல்முறையீடு தள்ளுபடி, காரணங்கள் பின்னர்" என்று அறிவித்துவிட்டு, மாதக்கணக்கில் தீர்ப்பு தரவில்லை. இது முறையா?

பதில்: முறையல்ல. பஞ்சாப் அரசு எதிர் ஜக்தேவ் சிங் தல்வண்டி வழக்கில் (1984) அரசியல் சாசன அமர்வே இந்தப் பழக்கத்தைக் கண்டித்தது. முடிவு அன்றே அமலுக்கு வந்துவிடுகிறது; அதை எதிர்த்து மேலே போகிறவரிடமோ எதை எதிர்ப்பது என்பதற்கான தாள் இல்லை. தீர்ப்பை ஒத்திவைத்துவிட்டுத் தாமதிப்பது இன்னொரு வகை. அனில் ராய் வழக்கில் (2001) பாட்னா உயர் நீதிமன்றம் வாதங்கள் முடிந்து ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் கழித்துத் தீர்ப்பளித்திருந்தது. மூன்று மாதங்களுக்குள் தீர்ப்பு வராவிட்டால் விரைவுபடுத்தக் கோரி அந்த நீதிமன்றத்திலேயே மனு செய்யலாம் என்றும், ஆறு மாதங்கள் கடந்தால் வழக்கை வேறு அமர்வுக்கு மாற்றும்படி தலைமை நீதிபதியிடம் கேட்கலாம் என்றும் அங்கே வழிகாட்டுதல்கள் வகுக்கப்பட்டன. இப்படி மனு செய்யத் தயங்குகிறவர்களே அதிகம்; நீதிபதி வருத்தப்படுவாரோ என்ற அச்சம் புரிகிறது, ஆனால் உச்ச நீதிமன்றமே திறந்துவிட்ட வழி அது.

கேள்வி: காரணமில்லாத தீர்ப்பு கைக்கு வந்துவிட்டது. இனி என்ன செய்வது?

பதில்: தீர்ப்பளித்த நீதிமன்றத்திடமே திரும்பிப் போய்க் காரணம் சேர்க்கச் சொல்ல முடியாது. கையெழுத்தான தீர்ப்பில் எழுத்துப் பிழை, கணக்குப் பிழை தவிர வேறெதையும் மாற்றப் பிரிவு 362 (403) தடை விதிக்கிறது. அமர்வு நீதிமன்றத்தின் மேல்முறையீட்டுத் தீர்ப்பு என்றால் உயர் நீதிமன்றத்தில் பிரிவுகள் 397, 401 (438, 442) ஆகியவற்றின்கீழ் சீராய்வு மனு. உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பு என்றால் உச்ச நீதிமன்றத்தில் அரசியல் சாசனத்தின் 136ஆம் உறுப்பின்கீழ் சிறப்பு அனுமதி மனு. சீராய்வில் சாட்சியத்தை மீண்டும் எடைபோடுவது வழக்கமில்லை என்பதால் பலர் நம்பிக்கை இழக்கிறார்கள். ஆனால் முக்கியச் சாட்சியத்தையோ வாதத்தையோ கீழ் நீதிமன்றம் பார்க்காமலே விட்டது என்பது சட்டப் பிழை; அது சீராய்வின் எல்லைக்குள் வரும். எனவே மனுவில் "காரணம் இல்லை" என்று பொதுப்படையாக எழுதுவதைவிட, எந்தச் சாட்சியின் எந்த வாக்குமூலத்தின் மீது என்ன வாதம் வைக்கப்பட்டது, தீர்ப்பின் எந்தப் பத்தியிலும் அதற்குப் பதில் இல்லை என்று ஒவ்வொன்றாகக் காட்டுவதே பலன் தரும்.

அந்த வாதம் வைக்கப்பட்டது என்பதை எப்படி நிரூபிப்பது? இங்கேதான் பலர் சிக்குகிறார்கள். நீதிமன்றத்தில் என்ன நடந்தது என்று தீர்ப்பில் எழுதியிருப்பதே இறுதியானது, அதற்கு மாறாக மேலே போய்ப் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய முடியாது என்று ராம்தாஸ் ஸ்ரீநிவாஸ் நாயக் வழக்கில் (1982) உச்ச நீதிமன்றம் கூறியது. "வேறு வாதங்கள் வலியுறுத்தப்படவில்லை" என்று தவறாக எழுதப்பட்டிருந்தால், நினைவு மங்குவதற்கு முன் அதே நீதிபதியிடம் உடனே முறையிட வேண்டும். இந்தச் சிக்கலைத் தவிர்க்க, மேல்முறையீட்டு விசாரணையின்போதே எழுத்துப்பூர்வ வாதத்தைத் தாக்கல் செய்து, நீதிமன்ற முத்திரையிட்ட ஒரு படியை வைத்துக்கொள்ளுங்கள். பிறகு எந்த வாதம் பதிலின்றி விடப்பட்டது என்பதில் தகராறே எழாது.

வழக்கு திருப்பி அனுப்பப்படுவதை எல்லோரும் வெற்றியாக எடுத்துக்கொள்கிறார்கள். எனக்கு அதில் முழு மகிழ்ச்சி இல்லை. காரணம் எழுதாதது நீதிமன்றத்தின் குறை. அதற்கான விலையைக் கொடுப்பது பெரும்பாலும் சிறையில் இருப்பவர். இரண்டாண்டுத் தண்டனையில் திரும்ப விசாரணைக்குப் போன மேல்முறையீடு முடிவதற்குள் தண்டனைக் காலமே முடிந்துவிடலாம். ஆகவே சீராய்வு மனுவோடு தண்டனையை நிறுத்திவைக்கும் மனுவையும் பிணை மனுவையும் சேர்த்தே தாக்கல் செய்யுங்கள்; பிரிவு 397 (438) அதற்கு இடம் தருகிறது. சாட்சியம் முழுவதும் பதிவேட்டில் இருக்கும்போது உயர் நீதிமன்றமே வழக்கை முடித்துத் தரலாம் என்றும், திருப்பி அனுப்புவதாக இருந்தால் காலக்கெடு விதிக்க வேண்டும் என்றும் மாற்றுக் கோரிக்கைகளாகக் கேட்கலாம்.

சீராய்வு மனுவுக்குக் காலவரம்பு 90 நாள். உயர் நீதிமன்றத் தீர்ப்புக்கு எதிரான சிறப்பு அனுமதி மனுவுக்கும் 90 நாள். சான்றிட்ட நகல் பெறச் செலவான நாட்கள் இந்தக் கணக்கில் சேராது. நகலின் முத்திரையில் மனு செய்த நாள், நகல் தயாரான நாள், வழங்கப்பட்ட நாள் ஆகியவை தனித்தனியாக இருக்கும். கழிக்கப்படுவது நகல் தயாரான நாள்வரைதான். தயாரான பிறகு வாங்கிக்கொள்ளாமல் விட்ட நாட்கள் உங்கள் கணக்கில் ஏறும். எனவே தீர்ப்பு வந்த அன்றே நகல் மனுவைப் போட்டுவிடுங்கள்.